துரை பார்த்த கண்ணாடிகள்

என் உயிரான சிவகாமி அக்காவுக்கு,

நீ போன பிறகு பதுளைக்கு ரயில் வந்துவிட்டது. பண்டாரவளையில் இறங்கி, மாட்டு வண்டிக்குக் காத்து நின்று, வீடு வந்து சேரும்வரை ரயில்காரனைத் திட்டுவாயே, இனி அந்தத் தொல்லை இல்லை. முதல் ரயிலைப் பார்க்க ஊரே மாலையோடு போனது. நான் போகவில்லை. இப்போதெல்லாம் நல்ல செய்தி எதுவும் எனக்குள் சரியாக இறங்குவதில்லை.

கடையில் அதே வெங்காயம், அதே கருவாடு, அதே ஈ. முளைவிட்ட வெங்காயம் குப்பைக்குத்தான் போகிறது. ஊரில் எல்லோரும் முளைக்காததைப் பொறுக்கி எடுப்பார்கள், நீ ஒருத்திதான் முளைத்தது எங்கே என்று மூட்டைக்குள் கைவிட்டுத் தேடுவாய். பக்கத்துத் துணிக்கடை முஸ்லிம் பெரியவர், நம் நானா, சும்மா இருக்கமாட்டார். "புள்ள, வெங்காயத்துக்கு வேர் வளத்தது போதும், ஒரு மாப்புளயப் பாருங்க" என்பார். "மாப்புளைக்கு வேர் இருந்தா சொல்லுங்க நானா, பாக்குறேன்" என்று திருப்பிக் கொடுப்பாய். அவர் இன்னும் அதைச் சொல்லிச் சிரிக்கிறார். சிரித்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொள்கிறார்.

சென்னையில் படித்து வந்தவள், பெண்கள் பள்ளிக்கூடத்தில் வாத்தியாரம்மாவாக இருந்தவள், கல்யாண நகைக்குப் பதிலாக அப்பாவிடம் மைக்ராஸ்கோப் வாங்கிக்கொண்டவள். ஊர் உன்னைப் பற்றிச் சொல்வது இவ்வளவுதான். கடைக்குப் பின்னால் அந்தச் சின்ன அறையில் நீ என்ன செய்தாய் என்று யாருக்குத் தெரியும்? வேர் நுனியை மருந்தில் ஊறவைப்பாய், மெழுகில் பதிப்பாய், சவரக்கத்தியால் சீவுவாய். சீவியதற்குச் சிவப்புச் சாயம் ஏற்றி, கண்ணாடிச் சில்லில் வைத்து, மேலே இன்னொரு மெல்லிய கண்ணாடியைப் பிசின் போட்டு ஒட்டுவாய். ஒரு நாள் என்னையும் பார்க்கச் சொன்னாய். "செம்பருத்திப் பூவக் கசக்கிப் போட்ட மாதிரி இருக்கு" என்றேன். தலையில் ஒரு குட்டு வைத்துவிட்டுச் சொல்லிக்கொடுத்தாய். ஒவ்வொரு கட்டமும் ஓர் உயிரணு. அதற்குள் கிடக்கும் நூல்கள் பிளந்து இரு பக்கமும் விலகினால்தான் ஓர் அணு இரண்டாகும். வளர்ச்சி என்பது அவ்வளவுதானாம். எனக்குப் பாதிதான் புரிந்தது. ஆனால் அதைச் சொல்லும்போது உன் முகம் இருந்த விதத்தை மறக்க முடியவில்லை.

பிறகு வெங்காயத்தை விட்டுத் தேயிலைக்குப் போனாய். பெரகலைக்கு மேலே ஒரு தோட்டத்தில், கொழுந்து பறிக்கிற பெண்கள் 'பெரிய எலை மரம்' என்று பெயர் வைத்திருந்த செடி. இலை உள்ளங்கை அகலம், விதை மட்டும் பிடிக்காது. அதன் வேரைப் பார்த்த அன்று சோற்றுத் தட்டை மறந்துவிட்டு வந்து சொன்னாய்: "தம்பி, மத்த மரத்துக்கெல்லாம் தாயும் தகப்பனும் சரிபாதி நூல் குடுத்திருக்கு. இதுக்கு மட்டும் ஒரு ஆள் ரெட்டைப் பங்கு குடுத்திருக்கு. இத யாரும் இன்னும் பாக்கலடா."

செடிகளை ஆராய்கிற துரை ஒருவருக்குப் படம் வரைந்து அனுப்பினாய். படம் அழகாக இருக்கிறது, பெண்களுக்குப் பொறுமை அதிகம், ஆனால் படத்தை நம்பி எதையும் ஒப்புக்கொள்ள முடியாது என்று பதில் வந்தது. பதுளைக்கு வரும்போது அந்தக் கண்ணாடிச் சில்லுகளையே பார்ப்பதாகவும் சொல்லியிருந்தார். அன்றிலிருந்து நீ நடந்த நடையே வேறு. அவர் வருவதற்குள் காய்ச்சல் வந்து உன்னைக் கொண்டுபோய்விட்டது.

கருமாதி முடிந்த அடுத்த வாரம் துரை வாடிவீட்டில், அந்த அரசாங்க விடுதியில், வந்து இறங்கினார். கண்ணாடிகள் இருந்த உன் பெட்டியைத் துண்டில் சுற்றி, குழந்தையைத் தூக்குகிற மாதிரி எடுத்துப் போனேன். அவர் திறந்தார். ஒரு கண்ணாடியை எடுத்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தார். இன்னொன்றை எடுத்தார். எல்லாம் பளபளவென்று மின்னின.

"தம்பி, இதுலே ஒண்ணும் இல்லே" என்றார், தோட்டத்தில் பழகிய தமிழில். ஏளனமாகச் சொல்லவில்லை. ஏளனம் செய்திருந்தால் சண்டையாவது போட்டிருப்பேன். செத்தவளைப் பற்றி ஒரு வார்த்தை நல்லதாகச் சொல்லிவிட்டுப் பெட்டியை மூடிக் கொடுத்தார்.

வீட்டு வாசலிலேயே அம்மா நின்றாள். "பாத்தாராப்பா? கண்ணாடியெல்லாம் நாந்தான் கழுவுனேன். தீட்டு வீட்டுச் சாமான அப்படியேவா வெளிய அனுப்புறது? எல்லாத்துலயும் செவப்புச் செவப்பா கறை. பிசின் வேற. கொதிதண்ணியில போட்டு, மண்ணெண்ணெய் தொட்டு, நகத்தால சொரண்டித்தான் எடுத்தேன். தொர கையில போற சாமான் இல்லையா? எம்மக அழுக்காவா வேல செஞ்சான்னு நெனச்சிரக் கூடாதுல்ல?"

அவள் விரல்களைப் பார்த்தேன். நகக்கண்ணெல்லாம் புண்.

"என்னப்பா சொன்னாரு?"

"ரொம்பச் சுத்தமா இருக்குன்னாரும்மா."

அம்மா அழுதாள். நீ போன பிறகு அவள் சந்தோஷத்தில் அழுதது அந்த ஒரு தடவைதான். எனக்கோ அவள் மேல் அப்படி ஒரு கோபம். அது இன்னும் தீரவில்லை, அக்கா. ஆனால் யாரைக் கோபிப்பது? சாவு விழுந்த வீட்டில் சட்டி பானை முதல் குத்துவிளக்குவரை கழுவத்தான் வேண்டும். நம் வீட்டில் வேறு என்ன தெரியும்?

நானும் சும்மா இருக்கவில்லை. அந்தச் செடியின் வேரையாவது கொண்டுவரலாம் என்று பெரகலைக்குப் போனேன். தோட்டத்து ஆட்கள் குடியிருக்கும் லயத்து வாசலில் ஒரு பெண்ணிடம் கேட்டேன். "பெரிய எலை மரமுங்களா? ரோட்டு வேலைக்கு அந்த வரிசையையே புடுங்கிட்டாங்களே. நாங்கதான் அடுப்புக்கு எடுத்துக்கிட்டோம். நல்லா நின்னு எரிஞ்சிச்சுங்க" என்றாள். அவள் மேல் என்ன தப்பு? குளிர் அப்படி. எனக்கு ஒரு தேத்தண்ணியும் கொடுத்தாள்.

திரும்பி வந்து வெங்காய வேரையே சீவிப் பார்த்தேன். கூழாகத்தான் வந்தது. அந்தக் கை உன்னோடு போய்விட்டது. நீ கண்டது உண்மை என்று எனக்குத் தெரியும், ஆனால் மளிகைக் கடைக்காரன் சாட்சியை எந்தத் துரை கேட்பார்? என்றாவது, எங்கேயாவது, வேறொருவர் இதையே காண்பார். அவர் பெயரில் அது அச்சாகும். உன் பெயர் வரும் என்று எனக்கு நம்பிக்கை இல்லை. உன்னிடம் பொய் சொல்ல வராது.

உன் திதிக்குத் திதி அம்மா அந்தப் பெட்டியைப் படத்துக்கு முன்னால் வைக்கிறாள். ஒவ்வொரு கண்ணாடியையும் புதுத்துணியால் துடைக்கிறாள். வருகிறவர்களிடம், "தொரையே பாத்த கண்ணாடி" என்று காட்டுகிறாள்.

இந்தக் கடிதத்தைப் பத்திரிகைக்குத்தான் அனுப்புகிறேன். அச்சில் வந்தாலும் அம்மாவுக்கு வாசிக்கத் தெரியாது. வாசித்துக் காட்டச் சொன்னால், ரயில் வந்த கதையோடு நிறுத்திவிடுவேன். அவள் உயிரோடு இருக்கும்வரை, கழுவியது கறை இல்லை என்று அவளுக்குத் தெரியவராது. உனக்கு என்னால் கொடுக்க முடிந்த வாக்கு இது ஒன்றுதான். இதை வாசிக்கும் யாராவது நம் கடைக்கு வந்து, அம்மா அந்தப் பெட்டியைத் திறந்தால், ஒரு கண்ணாடியை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துக் கொஞ்ச நேரம் பாருங்கள். பார்த்துவிட்டு, உங்கள் மகள் நன்றாக வேலை செய்திருக்கிறாள் என்று சொல்லிவிட்டுப் போங்கள்.

உன்னிடம் குட்டு வாங்கி வளர்ந்த
தம்பி முத்தையா
பதுளை