முடிச்சூர் சவுண்டின் ஆறு மாதம்

8 அக்டோபர் 2023, ஞாயிறு

பெயர் வைத்தாகிவிட்டது: முடிச்சூர் சவுண்ட். தமிழில் ரிதம் அண்ட் ப்ளூஸ் பாட்டு மட்டும் வெளியிடப்போகும் லேபிள். ஸ்டுடியோ என் ஃப்ளாட்டின் சின்ன பெட்ரூம். பாடகி பல்லாவரம் ஜோசலின், சர்ச் கொயரில் பாடுகிறவள். கிடார் அவள் தம்பி அசரியா. ஆபீஸில் சொன்னால் சிரிப்பார்கள். சிரிக்கட்டும்.

19 நவம்பர்

ஜோசலின் பாடிய முதல் பாட்டைப் பதிவு செய்தாயிற்று. இந்தக் குரலை வைத்துக்கொண்டு தோற்றால் அது என் தப்புதான்.

10 ஜனவரி 2024

காதல் பாட்டு. வேறு எந்த நாள்? பிப்ரவரி 14 வெளியீடு. அன்று மாலை தாம்பரத்தில் ஒரு காபி கடையில் ஜோசலின் நேரில் பாடுகிறாள். அக்கா தம்பி இருவருக்கும் சந்தோஷம். போஸ்டர் அச்சுக்குப் போயாச்சு.

4 பிப்ரவரி

ஜோசலின் போன். இன்று சர்ச்சில் அறிவித்தார்களாம், 14ஆம் தேதி சாம்பல் புதன், ஈஸ்டருக்கு முந்தைய நாற்பது நாள் நோன்பான லெந்து நாட்கள் ஆரம்பம். "ஐயோ அண்ணா, நாங்க ரெண்டு பேருமே காலண்டர் பாக்கல. லெந்துல மேடை ஏறி லவ் சாங் பாட மாட்டேன். ஈஸ்டருக்கு அப்புறம் வெச்சுக்கலாமே?"

எனக்குத்தான் தெரியாது. வாராவாரம் சர்ச்சுக்குப் போறவங்களுக்குமா தெரியாது! பாட்டு அன்றைக்குத்தான் வரும் என்று கத்திவிட்டு வைத்துவிட்டேன்.

14 பிப்ரவரி

காலையில் பாட்டை இணையத்தில் ஏற்றிவிட்டேன். மாலை, பதிவு செய்ததையே கடையில் ஓட்டினேன். கைதட்டினார்கள். பாடினவங்க எங்கே என்றும் கேட்டார்கள்.

20 பிப்ரவரி

பாட்டு பிய்த்துக்கொண்டு போகிறது. தெரியும், நான் சொன்னேனே! ஆனால் ஜோசலின் போனை எடுப்பதில்லை. "அக்கா செம கோவத்துல இருக்காங்கண்ணா," என்கிறான் அசரியா. ஜெயித்ததை யாரிடம் போய்ச் சொல்ல?

3 மார்ச்

எல்லா இடத்திலிருந்தும் பாட்டை எடுத்துவிட்டேன். லேபிளையும் மூடியாச்சு. அவள் வேண்டாம் என்ற நாளில் அவள் குரலை விற்கப் பார்த்தேன் — வெட்கமாக இருக்கிறது. யாரிடமும் சொல்லவில்லை.

1 ஏப்ரல், ஈஸ்டருக்கு மறுநாள்

ஜோசலினே அழைத்தாள். "அண்ணா, பாட்டு எங்க? எங்க பாஸ்டரம்மா கேட்டாங்க, தேடினா காணோம்."

எடுத்துவிட்டதைச் சொன்னேன்.

"யாரைக் கேட்டு எடுத்தீங்க? என்னைக் கேக்காம போட்டீங்கன்னுதானே கோவமே! எடுக்கும்போதும் கேக்கலையா?"

இந்த முறை, ஒருவழியாக, கேட்டேன்: "மறுபடி போடட்டுமா?"

"போடுங்க. என் பேர்ல. லேபிள் எல்லாம் வேணாம்."

எந்தத் தேதி என்றேன். யோசித்துச் சொல்கிறேன் என்று வைத்துவிட்டாள்.

சரி. சொல்லட்டும்.