இரண்டாம் வரி, மூன்றாம் வரி

மார்ச் 4, திங்கள்

கையெழுத்து கோணல்மாணலாக இருக்கிறது. பின்னால் ஒருநாள் இதைப் படிக்கப்போவது நானேதான். அதனால் என்னிடமே மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். 'ழ' போட்டால் வால் அடுத்த வரிக்கு இறங்கிவிடுகிறது. ஒரு பக்கத்துக்கு ஒரு மணி நேரம் ஆகிறது. ஆகட்டும். அறுபத்தெட்டு வயதுவரை எழுதாமல் இருந்தவனுக்கு இப்போது என்ன அவசரம்?

கற்றுக்கொடுத்தது மருமகள். மகனுக்குக் கப்பலில் வேலை, வருஷத்தில் பத்து மாதம் கடலில் இருப்பான். அவள் சாயங்காலம் ஆபீசிலிருந்து வந்ததும் என்னைச் சமையலறை மேசையில் உட்காரவைத்து, எட்டு மாதம் சொல்லிக்கொடுத்தாள். ஒருநாள்கூட முகம் சுளித்ததில்லை. இப்போது பஸ் பலகை, மருந்துச் சீட்டு, சோப்பு உறை எதையும் நான் விடுவதில்லை. "இந்த மனுஷனோட கடைக்குப் போனா, கடை மூடுற நேரம் ஆயிடுது" என்கிறாள் வீட்டுக்காரி.

இன்று கிளப்பில் நல்ல சேதி. எங்களுடையது துப்பாக்கி சுடப் பழகுகிற கிளப். அங்கே சின்னப் பிஸ்டல்களைக் கழற்றித் துடைத்து எண்ணெய் போட்டு வைப்பது என் வேலை, இருபத்தாறு வருஷமாக. இனிமேல் புதிதாகச் சேருகிறவர்கள் தங்கள் பிஸ்டலைத் தாங்களே சுத்தம் செய்யவேண்டுமாம். எப்படி என்று ஓர் அட்டையில் எழுதி மேசைக்கு ஒன்று வைக்கச் சொன்னார் மேனேஜர் மேடம். பயிற்சி கொடுப்பவர் என் சம்பந்தி, மருமகளின் அப்பா. மேடம் போனதும் அவர் என் தோளில் கை போட்டு, "நீங்களே எழுதுங்க சம்பந்தி. உங்க கைக்குத் தெரிஞ்சது எங்க யாருக்குத் தெரியும்?" என்றார்.

நான் எழுதியதை நாலு பேர் படிக்கப்போகிறார்கள்!

மார்ச் 6, புதன்

நாலு வரி முடிந்தது. மூன்று தாள் வீண்.

மார்ச் 8, வெள்ளி

முடித்துவிட்டேன். மொத்தம் பத்து வரி. இங்கேயும் கொஞ்சம் எழுதி வைக்கிறேன், எழுத எழுத ஆசையாக இருக்கிறது.

முதல் வரி: பிஸ்டலின் வாயைக் குண்டு தாங்கும் மணல் பெட்டிப் பக்கமே வை. ஆள் பக்கம் திருப்பாதே, உன் முழங்கால் பக்கமும்தான்.

இரண்டாம் வரி: தோட்டா அடுக்கியிருக்கும் மேகசினைக் கழற்றித் தூர வை.

மூன்றாம் வரி: மேலே இருக்கும் ஸ்லைடைப் பின்னால் இழுத்துப் பிடித்து, தோட்டா உட்காரும் அறையைக் கண்ணால் பார், சுண்டு விரலை விட்டுத் தடவு. காலியா? இன்னொரு தடவை பார்.

நாலாம் வரி: இந்த மாடலில் கழற்றுவதற்கு முன் டிரிக்கரை ஒருமுறை அழுத்தியாகவேண்டும். மணலைப் பார்த்து அழுத்து.

மற்றதெல்லாம் சுலபம். ஸ்லைடு வரும், ஸ்பிரிங் வரும், குழல் வரும். குழலைப் பின்பக்கமிருந்து துடை. எண்ணெய் ஒரு சொட்டு போதும். ஊற்றினால் தூசி சொந்தக்காரன் மாதிரி வந்து உட்கார்ந்துவிடும், கிளம்பாது. இதையும் அட்டையில் எழுதினேன். சிரித்துக்கொண்டே படித்தால் மறக்காது.

இரண்டாம் வரியையும் மூன்றாம் வரியையும் யோசித்துத்தான் எழுதினேன். மேகசின் உள்ளே இருக்கும்போது ஸ்லைடை இழுத்தால் உள்ளே இருந்த தோட்டா துள்ளி வெளியே விழும். பார்த்தால் காலி, தடவினாலும் காலி. ஆனால் ஸ்லைடை விட்ட நொடியில் மேகசினிலிருந்து அடுத்தது ஏறிக்கொள்ளும். விரல் பொய் சொல்லாது. விரலை எடுத்த பிறகு நடப்பதை விரல் எப்படிச் சொல்லும்?

மார்ச் 9, சனி

சம்பந்தி டீ குடிக்க வந்தார். தாளைக் கொடுத்தேன். முழுவதும் படித்துவிட்டு, "அடேயப்பா, ஆசாமி பலே ஆளு!" என்றார். மருமகள் கம்ப்யூட்டரில் அடித்துக் கொடுப்பாளாம். வீட்டுக்காரி உள்ளேயிருந்து, "கைநாட்டு ஐயா கவிஞர் ஆயிட்டார், இனிமே காய்கறி வாங்க யாரு போறது?" என்றாள். எல்லோரும் சிரித்தோம். ரொம்ப நாளைக்குப் பிறகு வயிறு வலிக்கச் சிரித்தேன்.

மார்ச் 13, புதன்

அட்டை வந்துவிட்டது. வழவழவென்று இருக்கிறது. சுவரில் ஒன்று, மேசைகளில் ஆறு.

கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு கிட்டே போனேன். முதலில் அடியில் இருந்த பெரிய எழுத்துதான் கண்ணில் பட்டது. 'தயாரித்தவர்' என்று போட்டுப் பக்கத்தில் சம்பந்தி பெயர். கீழே 'தலைமைப் பயிற்சியாளர்'. எனக்குத்தான் படிக்கத் தெரியவில்லையோ என்று விரல் வைத்து எழுத்து எழுத்தாகப் படித்தேன். அதே பெயர்தான்.

அப்போது மேனேஜர் மேடம் வந்து அவர் கையைக் குலுக்கினார். "எவ்ளோ தெளிவா எழுதியிருக்கீங்க! அந்தத் தூசி ஜோக் பிரமாதம்." அவர் சொன்னார்: "ஞாயித்துக்கிழமை ஒரே மூச்சில் உட்கார்ந்து எழுதினேன் மேடம்." நான் நாலடி தூரத்தில் நின்றுகொண்டிருந்தேன். என்னைப் பார்த்தார். உடனே மின்விசிறியைப் பார்த்தார்.

ஒரே மூச்சிலாம்.

மார்ச் 14, வியாழன்

இன்று யாரோடும் பேசவில்லை.

மார்ச் 15, வெள்ளி

"பேர் போடலைன்னா என்னங்க, அந்த அட்டையத் தலையில ஒட்டிக்கிட்டுத் தெருவுல நடக்கவா போறீங்க?" என்று கேட்டாள் வீட்டுக்காரி. அவள் கேட்டது நியாயம். ஆனாலும் நெஞ்சு ஆறவில்லை.

மருமகளைக் கேட்டேன். "அந்தப் பேரை அடிச்சது யாரும்மா?"

அவள் தட்டைக் கழுவிக்கொண்டிருந்தாள். கழுவிய தட்டையே திரும்பக் கழுவினாள். "நான்தான் மாமா."

"தெரிஞ்சேவா?"

"அப்பா சொன்னார். துடைக்கிறவர் பேரைப் போட்டா யாரும் மதிச்சுப் படிக்கமாட்டாங்கன்னு சொன்னார். நீங்க இதையெல்லாம் பெரிசா எடுத்துக்கமாட்டீங்கன்னு…"

"அப்படின்னு அவர் சொன்னாரா, நீயா நினைச்சியா?"

குழாயை மூடினாள்.

சம்பந்தி செய்தது வலிக்கிறது, ஆனால் அவர் குணம் எனக்குக் கொஞ்சம் தெரியும். எவன் நல்லா சுட்டாலும் நான் பழக்கியவன் என்பார். இவள்? என் விரலைப் பிடிச்சு 'அ' போட வச்சவ. நான் அந்தப் பத்து வரிக்கு எத்தனை நாள் குனிஞ்சு உட்கார்ந்தேன்னு பக்கத்துல இருந்து பார்த்தவ. அதே கையால எப்படி அடிச்சா?

இதற்கு மேல் இன்று எழுத முடியாது.

மார்ச் 16, சனி

மனசு ஆறாமல் இன்று அட்டையை மேலிருந்து கீழ்வரை படித்தேன். 

இரண்டாம் வரியும் மூன்றாம் வரியும் முன்னே பின்னே மாறியிருக்கின்றன. முதலில் ஸ்லைடை இழு, பார், தடவு. அதன் பிறகு மேகசினைக் கழற்று. அடுத்து டிரிக்கரை அழுத்து.

மூன்று நாளாக அந்த அறையில் எத்தனை பேர் போய்வந்தார்கள்! ஒருவர் கண்ணிலும் படவில்லை. பழையவர்கள் அட்டையைப் பார்த்தா செய்கிறார்கள், கை தானாகச் செய்கிறது. படித்தவர்கள் ஒரே பார்வையில் பக்கத்தை முடித்துவிடுகிறார்கள். திங்கட்கிழமை வரும் புது ஆட்கள்தான் வரி வரியாகப் பார்த்துச் செய்யப்போகிறார்கள்.

சம்பந்தியிடம் ஓடினேன். தனியாகக் கூப்பிட்டுச் சொன்னேன். சிரித்தார். "எட்டு மாசப் படிப்புல எனக்கே திருத்தமா? சரியாப் படிங்க சம்பந்தி. உங்களுக்கு வரி தாவியிருக்கும்."

தாவியிருக்குமோ? அப்படித்தான் ஒரு கணம் நினைத்தேன், வெட்கமாக இருக்கிறது. மறுபடி போய் அந்த மூன்று வரியை உள்ளங்கையில் பேனாவால் எழுத்துக்கு எழுத்து பார்த்து எழுதிக்கொண்டு வந்தேன். வீட்டில் மருமகள் முன்னால் கையை நீட்டி, "படி" என்றேன். படித்தாள். வரி தாவவில்லை.

"நான் எழுதினது இப்படியா?"

"இல்ல மாமா. உங்களை மாதிரிதான் முதல்ல அடிச்சேன். அப்படியே போட்டா நீங்க எழுதினதுன்னு ஆயிடும், ஏதாவது ரெண்டு வரியை மாத்திப் போடுன்னார் அப்பா. எனக்கு அது வெறும் வரிதானே மாமா. தெரியாதே…" அழுதாள். நான் சமாதானம் சொல்லவில்லை.

ஒரு கெட்ட எண்ணம் வந்தது. மறைக்காமல் எழுதுகிறேன். அட்டை அப்படியே இருக்கட்டும். அவர் பெயர்தானே போட்டிருக்கிறது, வருவது அவர் தலையில் விழட்டும். ஒரு டீ குடித்து முடிக்கிற நேரம் அந்த எண்ணத்தோடு உட்கார்ந்திருந்தேன். சுகமாகவே இருந்தது. அதுதான் பயம்.

மார்ச் 18, திங்கள்

காலையில் சீக்கிரம் போய் மேசைகளில் இருந்த ஆறு அட்டையையும் சுவரில் இருந்ததையும் எடுத்துவிட்டேன். மேனேஜர் மேடத்தையும் சம்பந்தியையும் கூப்பிட்டேன். பழகுவதற்கு என்று மருந்தில்லாத பொய்த் தோட்டாக்கள் உண்டு. அதில் மூன்றைப் போட்டு, ஒன்றை அறைக்குள் ஏற்றினேன். "மேடம், அட்டையைப் படிங்க. அது சொல்றதை மட்டும் செய்யறேன்."

அவர் படித்தார். ஸ்லைடை இழுத்தேன். தோட்டா துள்ளி மேசையில் உருண்டது. "பாருங்க, காலி." விரலை விட்டுக் காட்டினேன், ஸ்லைடை விட்டேன். மேகசினைக் கழற்றினேன். மணலைப் பார்த்து டிரிக்கரை அழுத்தினேன். டிக். பிறகு ஸ்லைடை மறுபடி இழுத்தேன். இரண்டாவது தோட்டா வந்து விழுந்தது.

மேடம் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். "இது நிஜத் தோட்டாவா இருந்தா… நீங்கதானே எழுதினீங்க இதை?" என்று சம்பந்தியைப் பார்த்தார்.

நான் வாயைத் திறப்பதற்குள் சம்பந்தி சொல்லிவிட்டார். "இல்ல மேடம், இவர்தான். இவர் கொடுத்ததை நம்பி அப்படியே போட்டேன். இப்பத்தானே எழுதக் கத்துக்கிறார், பாவம்."

பாராட்டு வந்தப்ப அவர் எழுதினது. தப்புன்னதும் நான் எழுதினதா? இருபத்தாறு வருஷத்துல என் மேசையில ஒரு குண்டு வெடிச்சதில்லை. அந்தப் 'பாவம்' இருக்கே, அதுதான் தாங்கலை. பெயரைத் திருடிக்கொண்டதைக்கூட மன்னித்திருப்பேன். பெயரைச் சேற்றில் முக்கித் திருப்பிக் கொடுத்தால் எப்படி வாங்கிக்கொள்வது?

நடந்ததை இரண்டு பேரும் எழுதிக் கொடுக்கவேண்டும் என்று சொல்லிவிட்டார் மேடம். புது ஆட்களின் வகுப்பு ஒரு வாரம் தள்ளிப்போனது.

மார்ச் 19, செவ்வாய்

தாளை வைத்துக்கொண்டு காலையிலிருந்து உட்கார்ந்திருந்தேன். எழுதினால் அவள் அப்பாவின் மானம் போகும். எழுதாவிட்டால் அந்த அட்டை என்னுடையது ஆகும், இனி என் கை பட்ட பிஸ்டலை எவன் நம்பித் தொடுவான்?

மருமகள் ஆபீசுக்குப் போகவில்லை. எதிரில் வந்து உட்கார்ந்தாள்.

"எழுதுங்க மாமா."

"உங்கப்பாம்மா."

"தெரியும். எழுதுங்க."

எழுதினேன். முடித்ததும் வழக்கம்போல அவள் பக்கம் தள்ளினேன், திருத்துவதற்கு. அவள் கையை மடியில் வைத்துக்கொண்டாள். "தப்பு இருந்தாலும் இருக்கட்டும். இதுல நான் ஒரு எழுத்தும் தொடமாட்டேன்."

பிறகு வேறொரு தாள் எடுத்து, வரிகளை மாற்றி அடித்தது தான்தான், யார் சொல்லி என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாள். இரண்டு தாளையும் அவளே கொண்டுபோய்க் கொடுத்தாள்.

மார்ச் 24, ஞாயிறு

மேசைகளில் புது அட்டை வந்துவிட்டது. வரிசை சரியாக இருக்கிறது. யார் பெயரும் இல்லை. போடவா என்று மேடம் கேட்டார், வேண்டாம் என்றேன். நாளைக்குப் புது ஆட்கள் வருகிறார்கள். இரண்டு மாதம் சம்பந்தி வகுப்பு எடுக்கக்கூடாது என்று உத்தரவு.

அவர் இங்கே வருவதில்லை. மருமகளோடு பேசுகிறேன், சாப்பாடு, மருந்து, மகனின் போன் என்று. பழையபடி இல்லை. நேற்று அவளும் நானும் ஒரே நேரத்தில் பேச வாயெடுத்து, ஒரே நேரத்தில் நிறுத்திக்கொண்டோம்.

இன்று அவள் அப்பாவைப் பார்த்துவிட்டு வந்தாள். செருப்பைக் கழற்றும்போதே, "அப்பா உங்களைப் பத்திக் கேட்டார் மாமா" என்றாள்.

"என்ன கேட்டார்?"

செருப்பை ஓரமாக வைத்தாள். "இன்னும் எழுதிக்கிட்டுத்தான் இருக்காரான்னு."

"ஆமான்னு சொல்லு," என்றேன். "அடுத்த வாரமும் எழுதுவார்னு சொல்லு."