வேகமாக ஓடிய சவ ஊர்வலம்

14 மார்ச் 1997, வெள்ளி. சன்னிவேல், கலிஃபோர்னியா.

நூலகத்தில் மாதாமாதம் நான் நடத்தும் பழைய படக் காட்சியில் இன்று ஒரு சோவியத் மௌனப் படம். இயக்கியவரின் மகள் நீனா இதே ஊரில்தான் இருக்கிறார். எண்பதை நெருங்குகிறவர். படச்சுருளைத் தந்ததும் அவர்தான். அப்பா இரண்டே படங்கள் இயக்கினாராம். பிறகு ஸ்டூடியோவில் தயாரிப்பாளராக உட்காரவைத்துவிட்டார்கள். கடைசிவரை மற்றவர்கள் படம் எடுக்க ஏற்பாடு செய்துகொடுத்தார். அவர் இயக்கியதில் மிஞ்சியது இது ஒன்றுதான்.

மௌனப் படத்தை, அது எடுக்கப்பட்ட வேகத்திலேயே, மெதுவாக ஓட்ட வேண்டும்; பேசும் படத்தின் வேகத்தில் ஓட்டினால் நடப்பவர்கள் ஓடுவதுபோலத் தெரியும். புரொஜெக்டரில் அதற்கென்றே ஒரு ஸ்விட்ச் உண்டு. எனக்குத் தெரியும். மெதுவாக ஓட்டினால் நேரமாகிவிடும், ஒன்பது மணிக்கு ஹாலைப் பூட்டிவிடுவார்களே என்று அதைத் தொடாமல் விட்டேன்.

சவ ஊர்வலம் வந்தது. பெட்டியைத் தூக்கியவர்கள் குடுகுடுவென்று ஓடினார்கள். விதவை கோழி மாதிரி தலையை ஆட்டினாள். ஹாலே சிரித்தது. அப்போதாவது ஸ்விட்சைத் தட்டியிருக்கலாம்.

முடிந்ததும் நீனா என் கையைப் பிடித்துக்கொண்டார். “அப்பா இதை அழவைக்கத்தான் எடுத்தார் என்று நினைத்திருந்தேன். சின்ன வயதில் பார்த்தது. எனக்குத்தான் ஞாபகம் பிசகிவிட்டது போல.”

இல்லை என்று சொல்ல வாயைத் திறந்தேன். “வீட்டில் கொண்டுபோய் விடட்டுமா?” என்றுதான் வந்தது.

அவரை இறக்கிவிட்டபின் காரில் என் கணவர் சொன்னார்: “விடு சுமதி. ஃப்ரைடே நைட்ல ஒருத்தரும் தூங்கலை, அதுவே பெருசு.”

படச்சுருள் இன்னும் என்னிடம்தான் இருக்கிறது. நாளை திருப்பிக் கொடுக்கும்போது சொல்லிவிட வேண்டும், உங்கள் ஞாபகம்தான் சரி என்று. தெரிந்தும் ஏன் அப்படி ஓட்டினாய் என்று அவர் கேட்கமாட்டார். கேட்டால்கூடப் பரவாயில்லை.