போஞ்சிக்கு மேலே தூவுவது

கல்முனைக்குடி,
29.08.1982, ஞாயிற்றுக்கிழமை.

அன்புள்ள உம்மாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். மகள் ஸாலிஹா எழுதுகிறேன். வாப்பா, நபீலா ராத்தா, புது மச்சான், நான் எல்லோரும் இங்கே சுகம். நீங்கள் குவைத்தில் சுகமாக இருக்க வேண்டும் என்று ஒவ்வொரு தொழுகையிலும் கேட்கிறேன். சுபஹில் மட்டும் சில நாள் தவறிவிடுகிறது. பாதித் தூக்கத்தில் ஓதுவதால் எதைக் கேட்டேன், எதை விட்டேன் என்று எனக்கே தெரிவதில்லை.

சீனிமுகம்மது காக்கா லீவில் வந்தபோது நீங்கள் கொடுத்தனுப்பிய கசெட் கிடைத்தது. அவர் வரும் வியாழக்கிழமை குவைத்துக்குத் திரும்புகிறார். இந்தக் கடிதத்தை அவர் கையில்தான் கொடுக்கிறேன். நீங்கள் கசெட்டில் கேட்டதற்குப் பதிலும் இதிலேயே இருக்க வேண்டும். மார்கழியோடு ரெண்டு வருசம் முடியிது, மேடம் இன்னம் ரெண்டு வருசம் நிக்கச் சொல்றா, ஸாலிஹாக்கும் ஒரு வீடு கட்ட வேணுமே, நிக்கவா வரவா எண்டு வாப்பாட்டக் கேட்டு எழுது மகள் என்று சொல்லியிருந்தீர்கள். கேட்டேன். அவர் சொன்னதைக் கடைசியில் எழுதுகிறேன். அதை முதலிலேயே எழுதிவிட்டால் மற்றதை எழுத எனக்குக் கை வராது.

கலியாணம் நல்லபடி முடிந்தது. படங்களைச் சீனிமுகம்மது காக்காவிடம் தருகிறேன். ராத்தா தலை குனிந்திருக்கும் படத்தில் அவருக்குப் பக்கத்தில் ஒரு கதிரை வெறுமையாக இருக்கும். அது யாரும் இருக்க மறந்த கதிரை அல்ல. உம்மாட இடம், ஒருத்தரும் இரிக்க வேணாம் என்று ராத்தாதான் போடச் சொன்னார். ஜவுபர் மச்சான் அதிகம் கதைக்க மாட்டார். வீட்டுக்கு வந்த மறுநாளே கிணற்றுக் கப்பிக்கு எண்ணெய் போட்டார். எனக்கு அது பிடித்தது, தண்ணீர் அள்ளுகிறவள் நான் அல்லவா.

நீங்கள் காசு அனுப்பிக் கட்டிய கல்வீட்டில் இப்போது ராத்தாவும் மச்சானும் இருக்கிறார்கள். நானும் வாப்பாவும் வளவின் பின்பக்கத்து ஓலைக் குடிசைக்கு மாறிவிட்டோம். கலியாணமானால் வீடு பொண்ணுக்கு என்பது ஊர் வழக்கம்தானே, எனக்கு அதில் குறையில்லை. கடற்காற்று நேராக உள்ளே வருகிறது. என் புத்தகங்களை மட்டும் கரையான் வராமல் மரப்பெட்டியில் வைத்திருக்கிறேன்.

வேலைதான் கொஞ்சம் கூடிவிட்டது. நாற்பது நாளைக்குப் புதுப்பொண்ணைக் குசினிப் பக்கம் விடாதே என்று மாப்பிள்ளையின் உம்மா சல்மா மாமி சொல்லிவிட்டார். மருமகனுக்குக் காலையில் ஒரு விதம், பகலில் ஒரு விதம், பின்னேரம் ஒரு பலகாரம் என்று பொண்ணின் உம்மா செய்து போடுவதுதான் வழக்கம். நீங்கள் இல்லாததால் அது என் பங்குக்கு வந்தது. கலியாணத்துக்கு முதல் நாளிலிருந்து இன்றுவரை நான் பள்ளிக்கூடம் போகவில்லை. செல்லத்தங்கம் டீச்சர் பாண்டிருப்பிலிருந்து பஸ்ஸில் வருகிறவர், இரண்டு முறை ஆள் விட்டு விசாரித்தார். பரீட்சைப் படிவத்தில் மாதம் முடிவதற்குள் வாப்பாவின் கையெழுத்து வேண்டுமாம். இதை எழுதும்போதும் என் கையில் பூண்டு மணக்கிறது. கொப்பித் தாளில் மஞ்சள் பட்டிருந்தால் கோபிக்க வேண்டாம்.

இனிப் போஞ்சிக் கதையைச் சொல்கிறேன். கசெட்டில் வேறெந்தக் கறியைப் பற்றியும் நீங்கள் அவ்வளவு நேரம் கதைக்கவில்லை. போஞ்சிக்காயைப் பச்சை மாறாமல் அரை வேக்காடு அவித்து, பாலும் மாவும் காய்ச்சிய வெள்ளைக் குழம்பில் புரட்டி, மேலே தகர ரின்னில் வரும் பொரித்த வெங்காயத்தையும் ரஸ்க் தூளையும் தூவிப் போறணைச் சூட்டில் வைத்தெடுக்க வேண்டும் என்றீர்கள். வெள்ளிக்கிழமை தோறும் மேடத்துக்கு நீங்கள் அதைச் செய்வதாகவும், பிள்ளைகள் அதைக் கடிக்கிற சத்தம் கதவுக்கு இந்தப் பக்கமும் குறுகுறு எண்டு கேக்கும் என்றும் சொல்லிச் சிரித்தீர்கள். பற்றரி தேய்ந்துவிடும் என்று கசெட்டை ஒரு முறைதான் போட்டோம். நான் மனையியல் கொப்பியின் பின்பக்கத்தில் எல்லாவற்றையும் வேகமாக எழுதிக்கொண்டேன்.

கலியாணத்தின் ஏழாம் நாள் மாப்பிள்ளை வீட்டார் விருந்துக்கு வந்தார்கள். ஆறாறு பேராகச் சுற்றியிருந்து சாப்பிட ஆண்களுக்கு இரண்டு சஹன், பெண்களுக்கு ஒன்று. இறைச்சியும் கத்தரிக்காயும் சமைக்க வாப்பா ஆள் பிடித்திருந்தார். எனக்கு மட்டும் உங்கள் பெயரில் ஒரு கறியாவது சஹனில் இருக்க வேண்டும் என்று ஆசை. சந்தையில் மலைநாட்டு லொறி வந்த அன்று போஞ்சி வாங்கி, நுனி கிள்ளி நார் உரித்தேன். மாட்டுப்பாலுக்குப் பதிலாகத் தேங்காயின் இரண்டாம் பாலில் கொஞ்சம் அரிசிமா கரைத்தேன். சின்ன வெங்காயத்தை மெல்லிசாக வெட்டிப் பொரித்தேன். பேக்கரி ரஸ்க்கை அம்மியில் நுணுக்கி, அதே எண்ணெயில் சிவக்க வறுத்தேன். நான் சொல்லக் கூடாது, ஆனால் தாச்சியிலிருந்து ஒரு துண்டை எடுத்துக் கடித்தபோது எனக்கே சத்தம் கேட்டது.

சந்தோஷத்தில் ஒரு பிழை செய்துவிட்டேன். சூடான போஞ்சியின் மேல் எல்லாவற்றையும் அப்போதே தூவி, கறிக் கோப்பைகளைச் சோற்றின் நடுவே வைத்து, சஹனை மூடியால் மூடிவிட்டேன். வழக்கமாக அப்படித்தானே மூடுவோம். லெப்பை பாத்திஹா ஓதத் தொடங்கினார். உங்கள் பெயரைச் சொல்லியும் துஆக் கேட்டார். அதற்கு நான் ஆமீன் சொன்னேன். அதற்குப் பிறகும் அவர் நிறுத்தவில்லை. இரண்டு குடும்பத்திலும் மௌத்தானவர்கள் எல்லோரையும் பெயர் பெயராகச் சொல்லிக்கொண்டு போனார். மூடிக்குள் ஆவி சுற்றுவது எனக்குத் தெரியும், ஆனால் துஆ நடக்கும்போது எழும்பி மூடியைத் திறக்க முடியுமா?

திறந்தபோது வெங்காயம் நனைந்த நூல் மாதிரிக் கிடந்தது. ரஸ்க் களியாகிவிட்டது. சல்மா மாமி ஒரு போஞ்சியை விரலால் தூக்கிப் பார்த்துவிட்டு, என்ன புள்ள இது, வெங்காயத்துக்கும் கலியாணக் களைப்பா, இப்பிடிப் படுத்துக் கிடக்கு என்றார். பெண்கள் எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். பிறகு அவர், உம்மா வெளிநாட்டுல, மகளும் வெளிநாட்டுக் கறிதான் ஆக்குவா என்றார். அதற்கு என்னால் சிரிக்க முடியவில்லை. மாமி கெட்டவர் இல்லை உம்மா. போகும்போது என் கையிலிருந்த எண்ணெய்ச் சூட்டுக் காயத்தைப் பார்த்து, தேங்காயெண்ணெய் பூசு புள்ள என்று சொல்லிவிட்டுத்தான் போனார்.

அந்தக் கறி எனக்குள் கிடந்து உறுத்தியது. அதனால் போன வெள்ளிக்கிழமை, வெளியாள் ஒருவரும் இல்லாத நாளில், திரும்பவும் செய்தேன். இந்த முறை பொரியலைப் போஞ்சிக்குக் கிட்டவே கொண்டுபோகவில்லை. ஒரு பீங்கானில் ஆறவிட்டு வைத்தேன். ஜும்ஆ முடிந்து வாப்பாவும் மச்சானும் வந்து கைகழுவி உட்கார்ந்த பிறகு, சோறும் கறியும் வைத்து, அதன் பிறகே மேலே தூவினேன்.

மச்சான் ஒரு வாய் வைத்தார். குறுகுறு என்றது உம்மா! ராத்தா கதவுக்குப் பின்னால் நின்று, எனக்கும் கேக்கிது எனக்கும் கேக்கிது என்று சின்னப் பிள்ளை மாதிரிச் சிரித்தார். வாப்பாவும் சிரித்தார். மச்சான்தான் மெல்ல, சத்தம் நல்லம் புள்ள, உப்புத்தான் காணா, இன்னம் கொஞ்சம் வேணும் என்றார். அவர் இந்த வீட்டில் குறை சொன்னது அதுதான் முதல் முறை. ராத்தா உள்ளிருந்து, ஆ, வாய் திறந்திட்டார் என்று கேலி பண்ணினார்.

உம்மா எவளவு உப்புப் போடச் சொன்ன என்று வாப்பா கேட்டார். கொப்பியைப் பார்த்தேன், அதில் உப்பு இல்லை. அவசரத்தில் எழுத மறந்திருப்பேன் என்று நினைத்து, மச்சான் வாங்கி வந்திருந்த புதுப் பற்றரியைப் போட்டுக் கசெட்டை ஓடவிட்டோம்.

நீங்கள் எல்லாம் சொல்லியிருக்கிறீர்கள். போஞ்சியை எந்த நீளத்துக்கு வெட்டுவது, ரின்னின் மேல் என்ன படம், குழம்பு ஓரத்தில் எப்படிக் கொதிக்கும், எந்த நிறத்தில் சிவந்ததும் எடுக்க வேண்டும், கடிக்கும்போது என்ன சத்தம் கேட்கும், எல்லாம். உப்பைப் பற்றி ஒரு சொல் இல்லை. ருசியைப் பற்றியும் இல்லை. உங்கள் கையால் அவித்த கஞ்சியைக்கூட, உறைப்புக் கூடிட்டு, இனிப்பு மட்டு என்று பத்துத் தரம் சொல்லுகிறவர் நீங்கள். இடையில் யாரோ உங்களை ஆயிஷா, ஆயிஷா என்று கூப்பிடுகிறார்கள். கசெட் டக்கென்று நிற்கிறது. திரும்பத் தொடங்கும்போது உங்கள் குரல் இன்னும் சின்னதாகிவிடுகிறது. முதல் முறை இதையெல்லாம் நான் கவனிக்கவில்லை. எழுதிக்கொண்டிருந்தேன்.

வாப்பா கையை நீட்டி அதை நிறுத்தினார். அவ இதத் திண்டு பாக்கல்ல போல என்றார். போஞ்சியை ஓரமாக ஒதுக்கிவிட்டு வெறுஞ் சோற்றில் இரண்டு பிடி சாப்பிட்டு எழும்பினார். நான் செய்த கறி அவருக்குப் பிடிக்காமல் இல்லை, அது எனக்குத் தெரியும்.

இனி நீங்கள் கேட்டதற்கு வருகிறேன். கசெட் வந்த அன்று வாப்பா சொன்னது இதுதான்: நிக்கச் சொல்லி எழுது, புள்ளைக்கும் ஒரு வீடு வேணும், இந்த வெள்ளாமைய நம்பிக் கட்டேலா. அதை ஒளிக்காமல் எழுதிவிட்டேன். ஆனால் நேற்றுச் சனிக்கிழமை காலையில் சிறுபோக நெல் வெட்டுக்கு வரிப்பத்தான்சேனைக்குப் புறப்படும்போது, வாசலில் நின்று பரீட்சைப் படிவத்தைக் கேட்டு வாங்கிக் கையெழுத்து வைத்தார். பிறகு, நான் அண்டைக்குச் சொன்னத அப்பிடியே எழுதிராத, நீ படிக்கிற புள்ள, உனக்கு எழுதத் தெரியும் என்றார். அதற்கு மேல் கேட்பதற்குள் பஸ் வந்துவிட்டது.

எனக்கு எழுதத் தெரியும் என்று டீச்சரும் சொல்லுவார். ஆனால் இந்த ஒன்றை எப்படி எழுதுவது என்று நேற்று முழுக்கத் தெரியவில்லை. எனக்குப் பதினைந்து வயது உம்மா. வீடு வேண்டும் என்று எனக்கு எந்த அவசரமும் இல்லை. குடிசையில் மழை ஒழுகும் இடம் ஒன்றே ஒன்றுதான், அதற்குக் கீழே சட்டி வைத்திருக்கிறேன். நாற்பது நாள் முடிந்ததும் ராத்தா குசினிக்கு வந்துவிடுவார், நான் பள்ளிக்கூடம் போவேன், பரீட்சையும் மார்கழியில் எழுதுவேன். நான் களைத்துப்போனேன் என்று நீங்கள் நினைக்க வேண்டாம். நீங்கள் இன்னும் இரண்டு வருடம் அந்தக் கதவுக்கு அந்தப் பக்கத்தில் நிற்பதை நினைத்தால்தான் களைப்பாக இருக்கிறது.

மேடத்திடம் நல்ல விதமாகச் சொல்லிவிட்டு, மார்கழியில் வாருங்கள். மழைக்கு மலைநாட்டு ரோட்டு உடைந்து லொறி வராவிட்டால், போஞ்சிக்குப் பதில் பயற்றங்காய் வாங்கி ஆக்குவேன். கறியை மட்டும் ஆக்கி வைப்பேன். பொரியலை ஆறவிட்டு, ஹோர்லிக்ஸ் போத்தலில் போட்டு இறுக மூடி வைப்பேன். நீங்கள் வந்து, கைகழுவி, எங்களோடு உட்கார்ந்த பிறகு உங்கள் கையாலேயே தூவுங்கள்.

அல்லாஹ் உங்கள் உடம்புக்கு ஆபியத்தைத் தந்து, பத்திரமாக எங்கள் கண்ணில் காட்டுவானாக. உப்புக் காணுமா என்று நீங்கள் திண்டு பார்த்துத்தான் சொல்ல வேண்டும்.

இப்படிக்கு
உங்கள் வரவைப் பார்த்திருக்கும் மகள்,
மு. ஸாலிஹா