யெசெனோவின் கடைசி வீடு

நகரத்து வீட்டிலிருந்து,
செப்டம்பர் 1977

அன்பு மகள் மிலதாவுக்கு,

அப்பா எழுதுகிறேன். நீயும் மாப்பிள்ளையும் குழந்தை காரினும் கனடாவில் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். எனக்கு முட்டிவலியைத் தவிர வேறு குறை இல்லை. உன் கடிதம் கிடைத்தது. உறையை வழக்கம்போலப் பிரித்துப் பார்த்துவிட்டு ஒட்டியிருந்தார்கள். இந்தத் தடவை பசை கொஞ்சம் தாராளம். இதையும் பிரித்துப் படிக்கப்போகிற புண்ணியவானுக்கு என் வணக்கம்.

காரினின் பள்ளியில் தாத்தா பாட்டி ஊரின் சரித்திரமும் பூகோளமும் எழுதிவரச் சொன்னதாகக் கேட்டிருந்தாய். பூகோளம் சுலபம். ஊரின் பெயர் யெசெனோவ். வடக்கே மலை, தெற்கே திறந்தவெளி நிலக்கரிச் சுரங்கம். நடுவில் ஓல்ஷ்கா ஓடை, வாத்துக்குளம், ஒரு தேவாலயம், வோந்த்ராவின் பீர் கடை. மழை பெய்தால் சேறு, பெய்யாவிட்டால் கரித்தூசி. வெளுத்துக் காயப்போட்ட துணியைக் கறுப்பாகத்தான் எடுக்க வேண்டும். உன் அம்மா என்னிடம் சொல்லி அனுப்பியது இவ்வளவுதான். "குளம், கோயிலெல்லாம் இருக்கிற மாதிரியே எழுதுங்க, புரியுதா? வேற எதையாவது எழுதி வெச்சீங்க, அப்புறம் என் மூஞ்சியிலயே முழிக்காதீங்க" என்றாள். அவள் பேச்சை இன்று மீறுகிறேன்.

ஊருக்கு அடியில் கரி இருக்கிறதாம். காலி செய்யும் உத்தரவு வந்து மூன்று வருஷமாகிறது. ஓடையைக் குழாய்க்குள் அடைத்து வேறு பக்கம் திருப்பிவிட்டார்கள். குளம் வற்றிவிட்டது. இந்த வசந்தத்தில் தேவாலயத்தை வெடி வைத்துத் தகர்த்தார்கள். வோந்த்ரா அன்று கடைசிப் பீப்பாயை எல்லோருக்கும் இலவசமாக ஊற்றினான். "குடிங்கடா! சாமியே வீட்டைக் காலி பண்ணிட்டாரு, நாமெல்லாம் எந்த மூலைக்கு?" என்றான். எல்லோரும் சிரித்தோம். நான் வீட்டுக்கு வந்து அழுதேன்.

ஊராருக்கெல்லாம் நகரத்தில் அடுக்குமாடி வீடு கொடுத்திருக்கிறார்கள். நமக்கு நாலாவது மாடி. குழாயைத் திருகினால் வெந்நீர் வருகிறது. நான் வந்துவிட்டேன். உன் அம்மா வரவில்லை.

யெசெனோவில் இப்போது நிற்பது நம் வீடு ஒன்றுதான். அதில் அவள் தனியாக இருக்கிறாள். கிணற்றுத் தண்ணீரையும் சுரங்கம் உறிஞ்சிவிட்டது. தினமும் நான் பஸ்ஸில் போய், இறங்கும் இடத்திலிருந்து கைவண்டியில் தண்ணீரும் ரொட்டியும் தள்ளிக்கொண்டு போகிறேன். "வந்துட்டாருய்யா மாடி வீட்டு மகராசன்! உங்களுக்கு லிஃப்ட்ல ஏறி இறங்கப் பிடிச்சிருக்கு, போய் ஏறுங்க. என்னை ஏன் கூப்பிடுறீங்க?" என்று வாசலிலேயே ஆரம்பித்துவிடுகிறாள். ஒருநாள், "நீங்க தோண்டின குழிதானே, வாசல் வரைக்கும் வந்திருக்கு" என்றாள். முப்பது வருஷம் அந்தச் சுரங்கத்தில் மண் தோண்டும் இயந்திரத்தில் உட்கார்ந்து சம்பாதித்தவன் நான்.

சரித்திரத்துக்கு வருகிறேன். போர் முடிகிறவரை யெசெனோவில் இருந்தவர்கள் பெரும்பாலும் ஜெர்மன் பேசுகிறவர்கள். போர் முடிந்ததும் ஆளுக்கொரு மூட்டையோடு அவர்களை வெளியேற்றினார்கள். காலியான வீடுகளில் எங்களைப் போன்றவர்கள் வந்து குடியேறினோம். நம் வீட்டு அலமாரியில் கோப்பைகள் அப்படியே இருந்தன. மேஜைமேல் பாதி தைத்த குழந்தைச் சட்டை ஒன்று கிடந்தது. மீதியை உன் அம்மா தைத்து முடித்தாள். நீ பிறந்ததும் உனக்குத்தான் போட்டோம். யார் குழந்தைக்குத் தைத்ததோ என்று நாங்கள் கேட்கவே இல்லை. இந்த வயதில் அது என் நெஞ்சை அறுக்கிறது. இதைக் காரின் பள்ளியில் எழுதலாமா வேண்டாமா என்று நீயே முடிவு செய்துகொள்.

அந்த வீட்டுக்காரப் பெண் இருபது வருஷம் கழித்து பவேரியாவிலிருந்து வந்தாளே, உனக்கு நினைவிருக்கும். நீதான் காபி போட்டுக் கொடுத்தாய். அவள் உள்ளே வரக்கூடத் தயங்கி, நிலைக்கதவைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் நின்றாள். உன் அம்மா இப்போது அவள் கதையைத்தான் பிடித்துக்கொண்டிருக்கிறாள். "இருபது வருஷம் கழிச்சு வந்தாலும் அவளுக்கு நின்னு அழ ஒரு வாசல் இருந்துச்சு. என் மகளுக்கு இருக்க வேணாமா? அவ வந்து இந்தப் பள்ளத்தையா பாப்பா?" என்கிறாள்.

எந்தக் கடிதமானாலும் "ஒருநாள் வந்துவிடுவேன், அம்மா" என்றுதான் முடிக்கிறாய். நாட்டை விட்டுப் போனதற்காக உனக்கு இங்கே தண்டனை விதித்திருக்கிறார்கள், எல்லையில் கால் வைத்தால் சிறைதான் என்று அவளுக்குத் தெரியாதா? தெரியும். ஆனாலும் நீ எழுதியதைத்தான் நம்புகிறாள்.

போன வாரம் சுரங்க அலுவலகத்திலிருந்து ஓர் இளைஞன் வந்தான். நல்ல பையன். காலணியை வாசலில் கழற்றி வைத்துவிட்டுத்தான் உள்ளே வந்தான், இடிக்கப்போகிற வீட்டுக்குள். "பாட்டி, அடுத்த மாசம் கரண்ட்டை வெட்டிருவாங்க. அதுக்கப்புறம் போலீஸோட வந்து தூக்கிட்டுப் போவாங்க. என்னால ஒண்ணும் பண்ண முடியாது" என்றான். அவள் அவன் முன்னால் பிளம் கேக்கை வைத்து, "சாப்பிடு தம்பி. எனக்கு ஆள் வரணும், அதான் இருக்கேன்" என்றாள். அவன் தலையைக் குனிந்துகொண்டே சாப்பிட்டான். அவளுக்கு இதயம் பலவீனமாக இருக்கிறது என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். போலீஸ் கைவைத்துத் தூக்கினால் அவள் தாங்க மாட்டாள், மிலதா.

அதனால்தான் கேட்கிறேன். பழைய விலாசத்துக்கே அவளுக்கு ஒரு கடிதம் எழுது. தபால்காரர் இன்னும் அங்கே போகிறார். இனி வரமாட்டேன் என்று எழுது. சுற்றி வளைக்காதே. "பார்க்கலாம்" என்று ஒரு வார்த்தை இருந்தாலும் அதையே பிடித்துக்கொண்டு குளிர்காலம் முழுக்க உட்கார்ந்திருப்பாள். அந்த வீட்டின் நினைப்பே உனக்கு இல்லை என்று எழுது. நான் சொல்லித்தான் எழுதினாய் என்று தெரிய வேண்டாம். நன்றி கெட்டவள் என்று உன்னைத் திட்டுவாள். திட்டி முடித்துவிட்டு மூட்டை கட்டுவாள். அதற்குப் பிறகு அவள் அழுவதை நான் பார்த்துக்கொள்கிறேன்.

பெற்ற மகளிடம் இப்படிக் கேட்க வேண்டியிருக்கிறதே என்று வெட்கமாக இருக்கிறது. என்னை மன்னித்துவிடு.

காரினுக்கு என் முத்தங்கள். நீங்கள் மூவரும், யாரும் காலி செய்யச் சொல்லாத ஒரு வீட்டில், நோய்நொடி இல்லாமல் நீண்டகாலம் வாழ வேண்டும்.

முடிந்தால் இந்த மாடி வீட்டு விலாசத்துக்கு எனக்குத் தனியாக ஒரு கடிதம் போடு. அதில் மட்டும் கடைசி வரியை மாற்றிவிடாதே, மகளே. எப்போதும் எழுதுவது போலவே எழுது.

உன் அப்பா,
பொஹுமில்