மூன்றாம் ஓலை

2002, ஜன. 19, சனி

காலையில் பனி. மாதா கோயிலுக்குப் பீடத் துணி துவைத்துக் கொடுப்பதற்கு மட்டும்தான் என்னைத் தனியாக வெளியே விடுவார் அண்ணன். வீட்டிலிருந்து கோயில் இரண்டு தெரு. அண்ணனுக்கு அதுவே பம்பாய்.

மைக் ரிப்பேருக்குப் புது ஆள். ஜெரோம். தங்கவயல்காரர். அங்கே தங்கச் சுரங்கம் மூடியபின் இங்கே ஈஜிபுராவில் ரூம்.

"ஏதாவது பேசுங்க, டெஸ்ட் பண்ணணும்."

முப்பத்திரண்டு வயதில் முதல் மைக். வாயில் வந்தது, "துணி இன்னும் காயல." கோயில் முழுக்க என் குரல்! அவர் சிரித்தார். நானும்.

பிப். 9, சனி

சோப்பு, நீலம், மெழுகுவர்த்தி.

சனிக்கிழமை தவறாமல் மைக்குக்கு ஏதாவது கோளாறு. நல்ல மைக்.

இன்று நேராகவே கேட்டுவிட்டார். "உங்க அண்ணன்கிட்ட வந்து பேசட்டுமா?"

"புதன்கிழமை விபூதிப் புதன். தவக்காலத்துல எங்க வீட்ல கல்யாணப் பேச்சு எடுக்க மாட்டாங்க. ஈஸ்டர் கழியட்டும்."

தலையாட்டினார். வீட்டுக்கு வந்தால் நீலம் வாங்கவே இல்லை. எனக்கு அவரைப் பிடித்திருக்கிறது. ரொம்ப.

ஏப். 6, சனி

தவக்காலம் முழுக்க அவரை ஏறிட்டும் பார்க்கவில்லை. ஒறுத்தல் என்று நினைத்தேன். ஆசைப்பட்டதை விட்டுக்கொடுத்தால் ஆண்டவர் தருவார் என்று.

இன்று அண்ணனிடம் சொல்வதாக இருந்தேன். ஜெரோம் முந்திக்கொண்டார்.

"ஊர்ல அம்மா பொண்ணு பேசி முடிச்சிட்டாங்க. நீங்க ஈஸ்டர் கழிச்சுன்னீங்க, அப்புறம் மூஞ்சியே பார்க்கல. வேணாம்ங்கறத மரியாதையா சொல்றீங்கன்னு நெனச்சிட்டேன்."

"தவக்காலம்ங்க," என்றேன்.

ஏப். 14, ஞாயிறு

மழை. கல்யாண அறிவிப்பு ஓலையைப் பூசையில் மூன்று ஞாயிறு வாசிப்பார்கள். இன்று இரண்டாவது. ஜெரோம், அந்தப் பெண், இருவர் பெயரும்.

அண்ணி: "கண்ணு ஏன் செவந்திருக்கு?"

"வெங்காயம்."

சமைத்தது அண்ணிதான்.

ஏப். 21, ஞாயிறு

மூன்றாம் ஓலை. மைக்கில் அத்தனை தெளிவு. அவர் கை பட்டதாயிற்றே.

"இத்திருமணத்திற்குத் தடை ஏதும் அறிந்தவர்கள்..." என்ற இடத்தில் எழுந்து நின்றிருக்கிறேன். அண்ணி முந்தானையை இழுத்தபோதுதான் தெரிந்தது. ஃபாதர் நிறுத்திவிட்டார். அண்ணன் திரும்பிப் பார்த்தார். மைக் பெட்டியருகே ஜெரோம் நிமிரவில்லை.

"என்னம்மா?" ஃபாதர் மைக்கிலேயே கேட்டார்.

"கால் மரத்துப் போச்சு ஃபாதர்." அண்ணிக்கு மட்டும் கேட்டிருக்கும்.

உட்கார்ந்தேன். மேலே வாசித்தார்.

வியாழன் கல்யாணம், இங்கேதான். பீடத் துணிக்குக் கஞ்சி போட வேண்டும். நீலம் இருக்கிறது.