மேளம் மட்டும் வரும் இடம்

சாரல் விழுந்ததும் இசைத்தட்டுப் பெட்டியைத் திறந்தேன். ஈர அட்டையின் பூஞ்சை வாசம் மூக்கில் ஏறியது. உடனே நீ வந்துவிட்டாய். செத்து இத்தனை வருஷமாகியும் உன்னை அழைக்க வேண்டியதில்லை.

எண்பதுகளில் தென்காசியில் என் மைக் செட் இல்லாமல் கல்யாணம் கிடையாது என்று பீற்றிக்கொள்வேன். நிஜத்தில், என்னோடு தட்டுப் போட வந்த உன் வாய் இல்லாமல்தான் கிடையாது. பாட்டுக்கு நடுவே மேளம் மட்டும் வருகிற இடத்தில் மைக்கைப் பிடித்து, தாளத்துக்குள்ளேயே பேசுவாய். பாடகி வாயைத் திறக்கும் முன் தட்டை விரலால் பின்னுக்கு இழுப்பாய். அதே மேளம் மறுபடி வரும்.

"ஊசி போயிரும்லே, மூதி" என்பேன்.

"அந்தம்மா நிக்கட்டும்லே. நான் இன்னும் முடிக்கல."

இன்று டீக்கடை டிவியில் பையன்கள் ஹிப் ஹாப் என்று இதையேதான் செய்கிறார்கள். போங்கலே, எங்க ஆளு அப்பவே செஞ்சிட்டான் என்று மனதுக்குள் திட்டுவேன்.

பண்பொழிக் கல்யாணம் நினைவிருக்கிறதா? பத்திரிகையில் தன் பெயர் கீழே போய்விட்டதென்று தாய்மாமன் முறுக்கிக்கொண்டு வேப்பமரத்தடியில் போய் நின்றார். அவர் வராமல் தாலி கட்ட முடியாது. பெண்ணின் அப்பா கெஞ்சிப் பார்த்துத் திரும்பினார். நீ தட்டை இழுத்தாய்.

"எல போட்டாச்சி, எண்ணெ காஞ்சாச்சி,
மால வந்தாச்சி, மணமும் போயாச்சி,
மாமன் மூஞ்சி கோணிப் போச்சி,
மாப்பிள்ளைக்கு மீச நரைச்சிப் போச்சி."

மாமன் துண்டால் வாயைப் பொத்திச் சிரித்துக்கொண்டே பந்தலுக்குள் வந்தார்.

குற்றாலத்தில் ஒரு மழை நாளில், கூம்புக் குழாய் ஸ்பீக்கரைக் கழற்ற மரத்தில் ஏறியபோது உன்னைக் கரண்ட் அடித்தது. உன் பேச்சை யாரும் கேசட்டில் பிடித்து வைத்திருக்கவில்லை. தினம் கேட்கிற குரலை யார் பிடித்து வைப்பார்கள்?

காரியம் முடிந்த மறுநாள் உன் அம்மா வந்தாள். "எய்யா, அவன் பேசுன பிளேட்டு ஒங்கிட்டதான இருக்கும். போடு."

அதில் பாட்டுதான் இருக்கிறது என்று சொல்ல வாய் வரவில்லை. போட்டேன். நீ இழுத்து இழுத்துக் கீறிய இடத்தில் ஊசி மாட்டிக்கொண்டது. மேளம் மட்டும் திரும்பத் திரும்ப வந்தது. எடுக்கக் கையை நீட்டினேன்.

"இருய்யா. அவன் பேசுதாம்லா."

கண்ணை மூடித் தலையாட்டிக் கேட்டாள். நடுவில் சிரித்தாள். அதற்குப் பின் உயிரோடு இருந்தவரை வெள்ளிக்கிழமைதோறும் வருவாள். அவளுக்குக் கேட்ட குரல் எனக்கு மட்டும் கேட்கவே இல்லை. அவள் மேல் பொறாமையாகக்கூட இருந்தது. ஒரு தடவையாவது கேட்டுவிட வேண்டும் என்றுதான் இந்த ஒரு தட்டை விற்காமல் வைத்திருக்கிறேன்.

இன்றும் போட்டேன். ஊசி அதே இடத்தில் மாட்டியது. மேளம், மறுபடி மேளம். அடுக்களையிலிருந்து என் மகள் கேட்டாள்: "யப்பா, யாரு வந்திருக்கா? காப்பி போடவா?"

"யாரும் இல்லம்மா."

"பின்ன யாரோ மாப்பிள்ளைக்கு மீச நரைச்சிப் போச்சின்னு சொன்ன சத்தம் கேட்டுச்சே. ஒங்க குரல் மாதிரியும் இல்லியே."

வாயைத் தொட்டுப் பார்த்தேன். உதடு அசைந்துகொண்டிருந்தது.

ஊசியை எடுக்கவில்லை. நீ இன்னும் முடிக்கவில்லை.